மொழிபெயர்க்காத மூன்று நிமிடம்

நான் பாடசாலையில் ஆங்கிலம் படிப்பிக்கிறவள். பின்னேரங்களில் வீட்டிலிருந்தபடி மொழிபெயர்ப்பு வேலையும் செய்வதுண்டு. பிறப்புச் சான்றிதழ், காணி உறுதி, விசாவுக்குக் கொடுக்கிற கடிதம் என்று எது வந்தாலும் ஒரு சொல் விடாமல் மாற்றிக் கொடுப்பேன். அதில் எனக்குக் கொஞ்சம் பெருமையும் இருந்தது. அப்பா மெதடிஸ்த சபையில் வெள்ளைக்காரப் போதகர்களின் பிரசங்கங்களைத் தமிழில் சொன்னவர். போதகர் தும்மினாலும் அப்பா தமிழில் தும்மிவிடுவார் என்று சபையில் பகிடி பண்ணுவார்கள். அந்தப் பிடிவாதம் எனக்கும் வந்திருந்தது.

ஆவணப்பட வேலை என்னிடம் வந்ததும் அந்தப் பெயரால்தான். வட ஐரோப்பாவிலிருந்து ஒரு பெண் இயக்குநர் வந்திருந்தார். நாற்பது வயது மதிக்கலாம். தமிழில் பத்துச் சொல் தெரியும். போரின் கடைசி நாட்களில் ஒரே மகனைத் தொலைத்த ஒரு தம்பதியை, அவர்களுடைய அன்றாட வாழ்க்கையோடு சேர்த்துப் படம் பிடிக்க விரும்பினார். அவர்களோடு கதைக்கவும், பிறகு படத்தின் அடியில் ஓடுகிற ஆங்கில வரிகளை எழுதவும் ஆள் தேவைப்பட்டது.

கொழும்புத்துறையில் கடலோரமாக அவர்களுடைய வீடு. கணவரை அண்ணை என்றும் மனைவியை அக்கா என்றும் கூப்பிட்டேன். அண்ணை களப்புக்கடலில் இறால் பிடிக்கிறவர். அக்காவுக்கு அறுபதை நெருங்கிய வயது. நாங்கள் முதல்நாள் போனபோது அண்ணை கதிரைகளைத் துடைத்துப் போட்டுவிட்டுக் காத்திருந்தார். நான் விளக்கம் சொல்லத் தொடங்கும் முன்பே அவர் முடிவெடுத்துவிட்டார்.

“எடுங்கோ ரீச்சர், எவ்வளவு வேணுமெண்டாலும் எடுங்கோ. உந்தப் படம் வெளிநாடெல்லாம் ஓடுமெல்லோ? அவன் எங்கையாவது இருந்து பாப்பான். பாத்தால் வருவான்.”

மகன் ஏதோ ஒரு நாட்டில் இருக்கிறான், தொடர்புகொள்ள வழியில்லாமல் கிடக்கிறான் என்பது அவருடைய நம்பிக்கை. அக்கா குசினி வாசலில் சாய்ந்து நின்றார்.

கையெழுத்து வாங்குவதற்கு இரண்டு பக்கப் படிவம் ஒன்று இருந்தது. அதை நான்தான் தமிழில் எழுதியிருந்தேன். உருவத்தையும் குரலையும் எந்த நாட்டிலும் எந்தக் காலத்திலும் பயன்படுத்தச் சம்மதிக்கிறேன் என்ற மாதிரியான வசனங்கள். சத்தமாக வாசித்துக் காட்டினேன். முடிந்ததும் அக்கா ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

“இடையிலை வேண்டாம் எண்டு பட்டால் நிப்பாட்டலாமோ?”

படிவத்தில் அப்படி ஒரு வரி இல்லை. இயக்குநர் எங்கள் முகங்களை மாறி மாறிப் பார்த்துக்கொண்டு புன்னகையோடு இருந்தார். நான், “ஓம் அக்கா, சொன்னால் நிப்பாட்டுவினம்” என்றேன். அந்த நேரத்தில் அது எனக்குப் பொய்யாகத் தெரியவில்லை. ஒரு மரியாதைப் பேச்சு, அவ்வளவுதான் என்று நினைத்தேன். அக்கா கையெழுத்து வைத்தார்.

அடுத்த பதினொரு மாதத்தில் இயக்குநர் மூன்று தடவை வந்து தங்கினார். அவரைக் கெட்டவர் என்று யாரும் சொல்ல முடியாது. நிலத்தில் சப்பாணி கட்டியிருந்து கையால் சாப்பிட்டார். இறால் உரிக்கப் பழகினார். அக்காவுக்குக் காய்ச்சல் வந்தபோது கமராவைப் பையில் வைத்துவிட்டு, ஆஸ்பத்திரி வரிசையில் எங்களோடு அரைநாள் நின்றார். தினமும் காலையில் சின்ன மைக் ஒன்றை அக்காவின் சட்டைக் கழுத்தில் குத்திவிடுவார். முதல் சில நாட்கள் அக்கா அந்த மைக்குக்கு மரியாதை கொடுத்து, வானொலியில் செய்தி வாசிக்கிறவர் மாதிரித்தான் கதைத்தார். ஒரு கிழமைக்குப் பிறகு அது அங்கே இருப்பதே அவருக்கு நினைவில்லாமல் போய்விட்டது.

“அவர் மைக்கை மறந்துவிட்டார். இனித்தான் படம் ஆரம்பம்” என்று இயக்குநர் சந்தோஷப்பட்டார். நானும் சந்தோஷப்பட்டேன்.

பாடசாலை நாட்களில் என்னால் அங்கே போக முடியாது. எடுத்ததையெல்லாம் இயக்குநர் ஒரு ஹார்ட் டிஸ்க்கில் போட்டுத் தந்துவிடுவார். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, சாப்பாட்டு மேசையிலேயே மடிக்கணினியை வைத்து, காதுக்கு ஹெட்போன் மாட்டி, கேட்கிற ஒவ்வொரு வசனத்தையும் ஆங்கிலத்தில் எழுதுவேன்.

அப்படி ஒரு மத்தியானம் ஒக்டோபர் மாதக் கடைசியில் எடுத்த காட்சிகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அண்ணை முருங்கை மரத்தின் கீழே கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார். கமரா அவரிலிருந்து மெல்லத் திரும்பிக் குசினி யன்னலுக்குப் போனது. யன்னலுக்குள் அக்காவும், மன்னாரிலிருந்து வந்திருந்த அவருடைய தங்கையும். தங்கை தேங்காய் துருவிக்கொண்டிருந்தார். கமரா முற்றத்தில் தூரமாக நின்றாலும் மைக் அக்காவின் கழுத்தடியில் இருந்தது. மூச்சு விடுவதுகூட என் காதுக்குள் கேட்டது.

“இந்தமுறையும் பேர் குடுக்கேலாது” என்றார் அக்கா.

“என்ன பேர்?”

“மரித்த விசுவாசிகளின்ரை பூசைக்கு. நீ உன்ரை கோயிலிலை குடு. இஞ்சை குடுத்தால் சாமியார் செத்தவையின்ரை பேரை வாசிக்கேக்கை இவருக்குக் கேட்டிடும்.”

துருவுகிற சத்தம் நின்றது. “அக்கா, என்ன கதைக்கிறாய்? பெடியன்…”

“அவன் செத்துப்போனான். எனக்குப் பன்ரண்டு வருசமாத் தெரியும். கடைசியா அவனோடை நிண்ட பெடியன் தேடி வந்து சொன்னவன். தானே கிடங்கு வெட்டித் தாட்டவனாம். இவர் அண்டைக்குக் கடலுக்குப் போயிட்டார். நான் அந்தப் பெடியனுக்குத் தேத்தண்ணி குடுத்து அனுப்பிப்போட்டு, இவர் வரமுதல் கோப்பையைக் கழுவிக் கவிட்டு வைச்சன்.”

“அத்தானுக்கு ஏன் சொல்லேல்லை?”

“சொல்லேலாது. அவன் இண்டைக்கு வருவான் எண்டுதான் இவர் காலமை எழும்புறவர். அது இல்லையெண்டால் எழும்பமாட்டார்.”

பிறகு திரும்பவும் தேங்காய் துருவுகிற சத்தம். எல்லாம் சேர்த்து மூன்று நிமிடம் வரும்.

நான் ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தேன். யாருடைய வீட்டு வேலிக்குப் பின்னாலோ ஒளித்து நின்று பிடிபட்டதுபோல் உடம்பு கூசியது. சொந்தத் தங்கைக்கே அன்றைக்குத்தான் தெரிந்த விஷயம் இப்போது எனக்கும் தெரியும். தமிழ் தெரியாத இயக்குநருக்குத் தெரியாது. கமராவுக்கு முன்னால் நின்று வலை பொத்திய அண்ணைக்கும் தெரியாது.

அந்த மூன்று நிமிடத்துக்கு நேராக, “தெளிவாகக் கேட்கவில்லை” என்று எழுதினேன்.

இரண்டு கிழமைதான் நிம்மதியாக இருந்தேன். பாடசாலையில் இடைவேளை நேரம், ஆசிரியர் அறையில் இருந்தபோது இயக்குநரிடமிருந்து செய்தி வந்தது. ஒலி மிகத் தெளிவாக இருக்கிறது என்று ஒலிப்பதிவுக்காரர் சொல்கிறாராம். யன்னலில் விழுகிற வெளிச்சமும், அடுப்புப் புகையும், இரண்டு பெண்களின் முகமும் அவ்வளவு அழகாக வந்திருக்கிறதாம். என்ன கதைக்கிறார்கள்?

மணி அடிக்க இரண்டு நிமிடம் இருந்தது. கறிக்குப் புளி காணாது என்று கதைக்கிறார்கள் என்று எழுதினேன். அது போதாது என்று பட்டது. மாங்காய் போடலாமா என்று தங்கை கேட்பதாகவும், அது உன் அத்தானுக்குப் பிடிக்காது என்று அக்கா சொல்வதாகவும் நாலைந்து வரிகளைக் கட்டி அனுப்பினேன். “நான் தேடிக்கொண்டிருந்த சாதாரண வாழ்க்கை இதுதான்” என்று பதில் வந்தது.

உண்மையைச் சொல்லியிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று பலமுறை யோசித்திருக்கிறேன். அந்த மூன்று நிமிடம் படத்தின் இதயமாகியிருக்கும். எந்த நல்ல இயக்குநராலும் அதை விட்டுவிட முடியாது. அது எனக்கு எப்படித் தெரியுமென்றால், முதல்முறை கேட்டபோதே, நெஞ்சு பதறிக்கொண்டிருந்த அந்த நேரத்திலேயே, என்னுள் ஏதோவொன்று ‘என்ன மாதிரியான காட்சி!’ என்று நினைத்தது. அதை நினைத்தால் இப்போதும் எனக்கு வெட்கமாக இருக்கிறது.

அக்காவிடம் போய்ச் சொல்லியிருக்கலாம். சொல்வதென்றால், நீங்கள் கதைத்ததை நான் கேட்டுவிட்டேன் என்றல்லவா தொடங்க வேண்டும்? நாளைக்குப் போவோம், அடுத்த கிழமை போவோம் என்று ஆறு மாதம் போனது. யாழ்ப்பாணம் சந்தையில் கண்டால், “ரீச்சர், படம் எப்ப வருதாம்? இவர் ஒவ்வொரு நாளும் கேக்கிறார்” என்பார். நான் சிரித்துவிட்டு ஏதாவது சாட்டுச் சொல்லி நழுவுவேன். கடைசியில் அவரைக் காணாமல் இருப்பதற்காகவே திருநெல்வேலிச் சந்தைக்குப் போகத் தொடங்கினேன்.

பிறகு ஒருநாள், முடித்த படத்தைப் பார்க்கும்படி இயக்குநர் இணைப்பு அனுப்பினார். அதே சாப்பாட்டு மேசையில் இருந்து பார்த்தேன். ஒரு மணித்தியாலம் கடந்த பிறகு அந்த யன்னல் வந்தது. அடியில் வெள்ளை எழுத்தில் நான் எழுதிய வரிகள்: புளி காணாது, மாங்காய் போடுவோமா. அதே நேரத்தில் என் வீட்டு மேசையில் அக்காவின் குரல் கணீரென்று சொன்னது: “அவன் செத்துப்போனான். எனக்குப் பன்ரண்டு வருசமாத் தெரியும்.”

மாதக்கணக்காக அந்தப் படம் எனக்கு வெறும் ஆங்கில வரிகளாகத்தான் இருந்தது. வரியை மாற்றினால் விஷயம் மறைந்துவிடும் என்று நம்பியிருந்தேன். தமிழ் தெரியாதவர்களிடமிருந்துதான் நான் அதை மறைத்திருக்கிறேன். யாரிடமிருந்து மறைக்க வேண்டுமோ அவருக்கு அந்த வரிகளே தேவையில்லை. அவருக்குக் காது போதும்.

இணைப்போடு வந்த கடிதத்தில் இன்னொரு செய்தியும் இருந்தது. இன்னும் பத்து நாளில் வெளிநாட்டில் முதல் காட்சி. அடுத்த மாதம் யாழ்ப்பாணத்தில் ஒரு மண்டபத்தில் காட்டப்படும். அண்ணையும் அக்காவும் முன்வரிசையில் இருக்க வேண்டும்.

மறுநாள் பாடசாலை விட்டதும் நேரே கொழும்புத்துறைக்கு ஸ்கூட்டியில் போனேன். அண்ணை வலை வைக்கப் போய்விட்டார், இருட்டத்தான் வருவார். அக்கா கிணற்றடியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தார். நான் நின்றபடியே சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று நினைவில்லை. அவர் கத்தியைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தது மட்டும் நினைவிருக்கிறது.

“எல்லாம் கேட்டதோ?”

“ஓம் அக்கா.”

“கோப்பை கழுவினது?”

“அதுவும்.”

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். மகன் செத்ததை நான் அறிந்ததைவிட, அந்தக் கோப்பை கழுவியதை நான் அறிந்ததுதான் அவருக்குத் தாங்க முடியாததாக இருந்தது.

“எப்ப கேட்டனீங்கள்?”

“ஆறு மாசமாச்சு.”

“ஆறு மாசமா என்ரை முகத்தைப் பாத்துச் சிரிச்சனீங்கள்.”

அவர் கையைக் கழுவிக்கொண்டு, “சரி, அதை அழிச்சுவிடுங்கோ” என்றார். அது என்னிடம் இல்லை என்று சொன்னேன். இயக்குநரிடம் ஒன்று, ஒலிப்பதிவுக்காரரிடம் ஒன்று, விழா நடத்துகிறவர்களிடம் ஒன்று என்று விளங்கப்படுத்தினேன்.

“நான் என்ரை குசினிக்கை நிண்டு கதைச்சது, ரீச்சர்” என்றார். பிறகு, “சொன்னால் நிப்பாட்டுவினம் எண்டு நீங்கள்தானே சொன்னனீங்கள்?”

“படிவத்திலை அப்பிடி இல்லை அக்கா. நான்தான் சொன்னனான்.”

அவர் கோபப்பட்டுக் கத்தியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். அவர் கிணற்றுக் கட்டில் இருந்துவிட்டார். படத்தையே வேண்டாம் என்று சொல்லுங்கோ என்றேன். ஏலாது என்று தலையை ஆட்டினார்.

“ஏன் வேண்டாம் எண்டு இவர் கேப்பாரே. மகன் பாக்கிற ஒரே வழி எண்டு நினைச்சுக்கொண்டிருக்கிறார். நான் மறிச்சால், ஏன் மறிக்கிறாய், அவன் பாக்க வேண்டாமோ எண்டு கேப்பார். அண்டைக்கு உந்தப் பேப்பரிலை கையெழுத்து வைச்சதும் அதாலைதான். எனக்கு மாட்டன் எண்டு சொல்ல வழியில்லை.”

அங்கிருந்தே இயக்குநரை வீடியோவில் அழைத்தேன். அங்கே காலை நேரம். அக்கா எனக்குப் பக்கத்தில் கிணற்றுக் கட்டில் இருந்தார். நான் அந்த மூன்று நிமிடத்தையும் முதல்முறையாக, ஒரு சொல் விடாமல் ஆங்கிலத்தில் சொன்னேன். தான் சொன்ன வார்த்தைகள் தனக்கு விளங்காத பாஷையில் போவதை அக்கா கைகளை மடியில் வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தார். இயக்குநர் வாயைக் கையால் பொத்திக்கொண்டார்.

“நீங்கள் எனக்குப் பொய் சொல்லியிருக்கிறீர்கள்” என்றார் கடைசியில்.

“ஆம்.”

பிறகு, “அவரிடம் ஒன்று கேளுங்கள். அந்த இடத்தை உண்மையான வார்த்தைகளோடு வைத்துக்கொள்ளலாமா? இலங்கையில் காட்டமாட்டேன். வெளியில் மட்டும். இந்தப் படத்திலேயே பெரிய உண்மை அதுதான்” என்றார்.

இதை அக்காவிடம் சொல்ல எனக்கு மனமில்லை. அந்த இடத்தை எடுத்துவிடட்டுமா என்று கேட்கிறார் என்று மாற்றிச் சொல்லியிருக்கலாம். ஆனால் இனிமேலும் இடையில் நின்று வடிகட்ட எனக்கு உரிமையில்லை என்று பட்டது. கேட்டபடியே கேட்டேன்.

அக்கா போனில் தெரிந்த முகத்தைப் பார்த்தே பதில் சொன்னார். “வெளியிலை எங்கடை சனம் இல்லையாமோ? எனக்கு அவன் செத்தவன். இவருக்கு உயிரோடை இருக்கிறான். நாங்கள் ரெண்டுபேரும் ஒரு வீட்டிலைதான் படுத்தெழும்புறம். அதுக்குள்ளை இன்னொராளுக்கு இடமில்லை எண்டு சொல்லுங்கோ. படம் எடுத்த அந்தப் பிள்ளையிலை எனக்குக் கோவமில்லை. நல்ல பிள்ளை. ஆனால் இடமில்லை.”

நான் சொல்லி முடித்ததும் இயக்குநர் கண்ணைத் துடைத்தார். ஒலியை எடுத்துவிடுவதாக வாக்குக் கொடுத்தார். முதல் காட்சிக்கான பிரதி ஏற்கெனவே போய்விட்டது, மாற்ற முடியுமா என்று முயற்சி செய்வதாகச் சொன்னார். அக்கா எழுந்து மீனை எடுத்துக்கொண்டு உள்ளே போன பிறகு என்னிடம் தனியாகச் சொன்னார்:

“நான் அவரைக் கேட்காமல் எடுத்தேன். நீங்கள் அவரைக் கேட்காமல் மறைத்தீர்கள். இரண்டு பேருமே அவருக்காக நாங்களே முடிவெடுத்தோம்.”

அது எனக்குச் சுட்டது. என்னுடையது இரக்கம், உங்களுடையது படத்தின் மீதுள்ள ஆசை என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்த இரண்டுக்கும் இடையில் ஒரு வித்தியாசத்தைத் தேடிக்கொண்டே வந்தேன். வித்தியாசம் இருக்கத்தான் செய்கிறது. ஆனால் கிணற்றுக் கட்டில் இருந்த அக்காவுக்கு அதனால் ஒரு பிரயோசனமும் இல்லை.

முதல் காட்சிக்குப் பிரதியை மாற்ற முடியவில்லை. அந்த ஒரு தடவை படம் அந்தக் குரலோடுதான் ஓடியது. மண்டபத்தில் நாலைந்து தமிழர்கள் இருந்ததாக இயக்குநர் எழுதினார். படம் முடிந்து எல்லோரும் போகும்வரை ஒரு வயதானவர் காத்திருந்து, “கீழே எழுதியிருந்தது பிழை” என்று சொன்னாராம். “தெரியும்” என்றாராம் இயக்குநர். “வலை பொத்துகிற அந்த மனிதருக்குத் தெரியுமா?” என்று முதியவர் கேட்டாராம். தெரியாது என்றதும் வேறொன்றும் கேட்காமல் கோட்டைப் போட்டுக்கொண்டு போய்விட்டாராம். மற்றவர்கள் யார், வீட்டுக்குப் போய் யாருக்குத் தொலைபேசி எடுத்தார்கள் என்று யாருக்கும் தெரியாது. வெளிநாட்டில் ஒரு சொந்தம் இல்லாத வீடு இங்கே ஏது?

யாழ்ப்பாணத்தில் காட்டிய நாளில் அண்ணை வெள்ளைச் சட்டை போட்டு வந்திருந்தார். அக்கா பக்கத்தில். நான் அவர்களுக்குப் பின்வரிசையில் இருந்தேன். யன்னல் காட்சி வந்தது. குரல் இல்லை. காற்றும் கடல் இரைச்சலும் மட்டும். அடியில் எழுத்தும் இல்லை. இரண்டு பெண்களின் உதடுகள் அசைந்தன.

அண்ணைக்குக் காது கொஞ்சம் மந்தம். இரகசியமாகக் கேட்பதாக நினைத்துக்கொண்டு உரத்தே கேட்டார். “உதிலை என்னப்பா கதைச்சனீங்கள்?”

“கறிக்குப் புளி காணாது எண்டு” என்றார் அக்கா. நான் கட்டிய பொய்யை அன்று கிணற்றடியில் அவருக்கு முழுவதும் சொல்லியிருந்தேன்.

“ஓம் ஓம், உன்ரை தங்கச்சிக்கு எப்பவும் புளி கூட வேணும்” என்று அண்ணை சிரித்தார். அக்கா திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. என் பக்கம் திரும்பவும் இல்லை. அதற்குப் பிறகு நான் அந்த வீட்டுக்குப் போனால், “வாங்கோ ரீச்சர், இருங்கோ” என்று கதிரை போடுகிறார், தேத்தண்ணி தருகிறார். தந்துவிட்டு, நான் குடித்து முடிக்கும்வரை குசினியை விட்டு வெளியே வருவதில்லை.

என்னிடம் வருகிறவர் அண்ணைதான். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, நான் ஆராதனை முடிந்து வந்த பிறகு, கேற்றுக்கு வெளியே சைக்கிள் மணி கேட்கும். கையில் ஒரு பாடசாலைக் கொப்பி. இயக்குநர் அனுப்பிய கடிதத்தை நான் வாசித்துச் சொல்ல வேண்டும். அந்த மாதம் படம் எந்த நாட்டில், எந்த ஊரில் ஓடியது என்று கேட்டு ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதிக்கொள்வார். பெயர் வாயில் நுழையாவிட்டால் எழுத்துக்கூட்டிச் சொல்லச் சொல்வார்.

போன மாதம் வந்தபோது இரண்டு ஊர்கள் இருந்தன. எழுதி முடித்துப் பேனையை மூடிவிட்டு, ஒவ்வொரு தடவையும் கேட்கிறதையே கேட்டார்.

“அங்கை எங்கடை ஆக்கள் இருக்கினமோ?”

“ஓம் அண்ணை, இருக்கினம்” என்றேன்.

“அப்ப சரி” என்று கொப்பியை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு சைக்கிளை எடுத்தார்.